தாழங்கழியின் ஆறு உயிர்ப் படகு

தாழங்கழிக்காரர்களுக்கு அறிவு இல்லை என்று யாராவது சொன்னால் நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். அறிவு ஏராளமாக உண்டு. என்ன, தேவைப்படும் நேரத்தில் அது வேறு எங்காவது போயிருக்கும், அவ்வளவுதான். அலையாத்திக் காட்டை ஒட்டிய அந்தக் கடலோர ஊரில் வேம்பையன், நாகூரான், கோடியப்பன் என்று மூன்று பேர் இருந்தார்கள். பெரியவர்கள் சொன்ன சொல்லைத் தட்டவே மாட்டார்கள். ஊருக்கு வந்த பாதிச் சங்கடம் அதனால் வந்ததுதான்.

மூவரில் வேம்பையன்தான் தலைவன். வயதால் அல்ல; அவனுக்குத்தான் சொந்தமாகப் படகு இருந்தது. செங்கமலம் என்று ஒரு மனைவியும் இருந்தாள். மற்ற இருவருக்கும் இரண்டுமே இல்லை.

முதலில் ஐஸ் வியாபாரம் செய்தார்கள். "எவனாவது தூக்கிட்டுப் போயிடுவான், நல்லாப் பூட்டி வைங்க" என்றாள் செங்கமலம். ஐஸ்கட்டியைத் தகரப் பெட்டியில் வைத்து, பெரிய பூட்டாகப் போட்டு, சாவியை வேம்பையன் இடுப்பில் முடிந்துகொண்டான். மறுநாள் திறந்தால் ஐஸைக் காணோம். அடியில் கொஞ்சம் தண்ணீர் மட்டும் நின்றது. மூவரும் பெட்டியைச் சுற்றி உட்கார்ந்து வெகுநேரம் யோசித்தார்கள்.

"பூட்டு உடையல அண்ணே. பெட்டியும் உடையல" என்றான் கோடியப்பன்.

"தண்ணி கிடக்குல்ல? நீந்தி வந்தவன்தான் எடுத்திருக்கான்" என்றான் நாகூரான்.

போலீஸ் ஸ்டேஷனில் புகார் கொடுக்கப் போனார்கள். அங்கே இருந்தவர் சிரித்து முடிக்கவே அரை மணி நேரம் ஆயிற்று.

அடுத்தது கருவாடு. "நிழல் படாமப் பார்த்துக்கங்க, வெயில்லயே காயணும்" என்றாள் செங்கமலம். நிழல் நீண்டபோதெல்லாம் பாயோடு கருவாட்டைத் தூக்கிக்கொண்டு வெயில் இருக்கும் பக்கம் நகர்ந்தார்கள். மேற்கே போய்க்கொண்டே இருந்தார்கள். பொழுது சாய்ந்தபோது மூன்றாவது ஊரின் பள்ளிக்கூடத்து மைதானத்தில் நின்றார்கள். பின்னால் திரும்பிப் பார்த்தால் மூன்று ஊர்ப் பூனைகளும் வாயைத் துடைத்துக்கொண்டிருந்தன.

அன்றைக்குச் செங்கமலம் கத்தவில்லை. அதுதான் வேம்பையனைப் பயமுறுத்தியது.

"இங்க பாருங்க. மூணாவதா ஒரு தொழில் செய்யுங்க. அதுவும் கவுந்துச்சுன்னா, நான் காரைக்கால்ல எங்க அண்ணன் வீட்டுக்குப் போயிடுவேன். காலைல ஆறு மணி பஸ்" என்றாள். சொல்லிவிட்டு, துணிமணிகளை ஒரு மஞ்சள் பையில் மடித்து வைத்து ஆணியில் மாட்டிவிட்டாள்.

வேம்பையன் அந்தப் பையைப் பார்க்கும்போதெல்லாம் சோறு இறங்காமல் தவித்தான். அவள் போய்விட்டால் யார் சமைப்பார்கள் என்ற கவலை இல்லை அது. அவளுடைய திட்டு காதில் விழாத வீட்டில் அவனுக்கு இருக்கவே தெரியாது. கலியாணமாகிப் பதினாலு வருஷம். அவள் மேல் அவனுக்குக் கொள்ளை ஆசை. அதை எப்படிச் சொல்வது என்று யாரும் அவனுக்குச் சொல்லித் தரவில்லை, அதனால் அவன் இதுவரை சொன்னதும் இல்லை.

மூன்றாவது தொழிலாக வந்ததுதான் படகுப் பயணம். வெளியூர்க்காரர்களை அலையாத்திக் காட்டுக்குள் கூட்டிப் போய்க் காட்டுவது; கையோடு நண்டு பிடித்து வந்து கரையில் சமைத்துப் போடுவது. யோசனை செங்கமலத்துடையது என்று தனியாகச் சொல்ல வேண்டியதில்லை.

காட்டுக்குள் படகு விட ரேஞ்சர் அனுமதி வேண்டும். ரேஞ்சர் சாமிதுரை ஒரு கறார் பேர்வழி. சோதனைக்கு ஒரு நடை போய் வரச் சொல்லிவிட்டு, விடியற்காலையிலேயே படகுத்துறைக்கு வந்து நாற்காலி போட்டு உட்கார்ந்துவிட்டார். டைப் அடித்த அனுமதிச் சீட்டு அவர் சட்டைப் பையில் இருந்தது. கையெழுத்துதான் பாக்கி.

"மூணு விதி. மூணையும் ஒழுங்கா நடத்திட்டு வந்தா கையெழுத்து. ஒண்ணு தப்பினாலும் சீட்டைக் கிழிச்சுப் போட்டுட்டுப் போயிக்கிட்டே இருப்பேன்" என்றார் ரேஞ்சர்.

மூன்றையும் ஒருவனே நினைவில் வைத்துக்கொள்வது கஷ்டம் என்பதால் ஆளுக்கு ஒன்றாகப் பிரித்துக்கொண்டார்கள்.

"ஒண்ணு. விருந்தாளிங்களுக்குக் கண்ணுல படுறதை எல்லாம் விளக்கிச் சொல்லணும். ஊமை மாதிரிப் படகு தள்ளக் கூடாது."

"அது என்னுது" என்றான் கோடியப்பன்.

"ரெண்டு. படகுல ஏறுற எந்த உயிரா இருந்தாலும் லைஃப் ஜாக்கெட் போட்டிருக்கணும். ஆறு ஜாக்கெட் தந்திருக்கேன்."

"அது என்னுது" என்றான் நாகூரான்.

"மூணு. இதுதான் முக்கியம். இது ஆறு உயிர் தாங்குற படகு. போன வாரம் பக்கத்து ஊர்ல ஒருத்தன் பத்து ஆட்டை ஏத்திப் படகைக் கவுத்துட்டு, 'ஆடு ஆளா சார்?'னு என்னையே கேக்குறான். அதனால இப்பவே சொல்லிட்டேன். ஆளோ, ஆடோ, கோழியோ, எந்தக் கழுதையோ, உயிரோட இருக்கறது ஆறுக்கு மேல ஏறக் கூடாது. ஆறு போனா ஆறு திரும்பணும். கூடவும் கூடாது, குறையவும் கூடாது."

"ஆறு உயிர்" என்று வேம்பையன் கண்ணை மூடிக்கொண்டு மூன்று தடவை சொல்லிப் பார்த்துக்கொண்டான்.

செங்கமலம் அடுப்படியிலிருந்து எட்டிப் பார்த்தாள். "நண்டு மூச்சோட வரணும். செத்த நண்டை என் அடுப்புல ஏத்த மாட்டேன். ஒரு மணிக்குள்ள வந்துடுங்க."

விருந்தாளிகள் மூன்று பேர், திருச்சியிலிருந்து வந்திருந்தார்கள். ராமபத்திரன், பத்திரப் பதிவு அலுவலகத்தில் முப்பது வருஷம் இருந்து ஓய்வு பெற்றவர். சுலோசனா, அவர் மனைவி. கிறிஸ்டோபர், பறவைகளைப் படம் பிடிக்கிற இளைஞன். இவர்கள் மூன்று, நம் ஆட்கள் மூன்று. வேம்பையன் விரலை மடக்கி எண்ணினான். ஆறேதான். ஆறு பேரும் ஆரஞ்சு நிற ஜாக்கெட்டை மாட்டிக்கொண்டு கிளம்பினார்கள்.

படகு காட்டுக் கால்வாய்க்குள் நுழைந்தது. இரண்டு பக்கமும் சுரபுன்னை மரங்கள் வேர்களை ஊன்றித் தண்ணீருக்கு மேலே நின்றன. இலைகளுக்கு நடுவில் வெயில் சொட்டுச் சொட்டாக விழுந்தது. நிஜமாகவே அழகான இடம். சுலோசனா "அடடா" என்றார்.

கோடியப்பன் தொண்டையைக் கனைத்துக்கொண்டு எழுந்து நின்றான்.

"ஐயா, அம்மா, தம்பி, கவனிங்க. இது தண்ணி."

மூவரும் தண்ணீரைப் பார்த்தார்கள்.

"அது மரம். அதுக்குப் பக்கத்துல இருக்கறது இன்னொரு மரம். அதுக்குப் பின்னாடியும் ஒரு மரம், அது சரியாத் தெரியாது, ஆனா மரம்தான்."

நூற்றுப் பத்தாவது மரம் வரைக்கும் ஒன்றையும் விடாமல் விளக்கினான். ராமபத்திரன் தலையைப் பிடித்துக்கொண்டார். அப்போதுதான் கோடியப்பன் கண்ணில் படகுக்குள் இருப்பவை பட்டன.

"ஐயா சட்டையில மூணாவது பொத்தானைக் காணோம். அம்மா காலையில இட்லி சாப்பிட்டிருக்காங்க. தேங்காய்ச் சட்னி. முந்தானையில கொஞ்சம் மிச்சம் இருக்கு. ஐயா தலையில…"

"தலைக்கு ஒண்ணும் விளக்கம் வேணாம்" என்றார் ராமபத்திரன்.

அந்த நேரம் பார்த்துக் கரையோரச் சேற்றில் கரண்டிவாயன் ஒன்று வந்து இறங்கியது. தட்டையான அலகைத் தண்ணீரில் விட்டு இப்படியும் அப்படியும் துழாவியது. கிறிஸ்டோபர் கேமராவைத் தூக்கினான். "அண்ணே, உங்களைக் கையெடுத்துக் கும்பிடுறேன். கொஞ்ச நேரம் வாயைத் திறக்காதீங்க!" என்றான்.

கோடியப்பன் பாவம், தவித்துப்போனான். விருந்தாளி வாயைத் திறக்காதே என்கிறார். ரேஞ்சர் விளக்கிச் சொல் என்கிறார். இரண்டு பேர் சொல்லையும் தட்ட முடியாது. ஆகவே வாயை இறுக மூடிக்கொண்டு விளக்கினான். "ம்ம்ம்! ம்ம்ம், ம்ம்ம்ம்மம்!" என்று கையை அகல விரித்து, மூக்குக்கு நேரே கரண்டி போல் பிடித்து, இடுப்பை வளைத்துத் துழாவியும் காட்டினான். படகு ஆடிய ஆட்டத்தில் சுலோசனாவின் செருப்பு ஒன்று தண்ணீருக்குள் போயிற்று. கரண்டிவாயன் தன்னைப் போலவே நடிக்கும் இந்தப் பெரிய பறவையைச் சற்று நேரம் பார்த்தது. பிறகு ஊரைப் பார்த்துப் பறந்துவிட்டது.

"ரொம்ப நல்லா நடிக்கிறாங்க. எல்லாம் காசுக்குள்ளேயே சேர்த்தி போலிருக்கு" என்று சுலோசனாவிடம் சொன்னார் ராமபத்திரன். நல்ல மனிதர். அவருக்கு இதெல்லாம் ஒரு வேடிக்கை நிகழ்ச்சி என்று தோன்றிவிட்டது. பின்னால் நடந்ததற்கெல்லாம் அவர் சும்மா இருந்ததற்குக் காரணம் அதுதான்.

காட்டின் நடுவில் வேர்கள் பின்னிப் பிணைந்து ஒரு மேடு போலக் கிடந்த இடத்தில்தான் வேம்பையன் முதல் நாளே நண்டு வலைகளை இறக்கி வைத்திருந்தான். இரும்பு வளையத்தில் வலையைக் கட்டி, நடுவில் மீன் தலையைக் குத்தி வைத்த வலைகள். முதல் வலையைத் தூக்கினான். கை அகலத்துக்கு ஒரு களிநண்டு!

விருந்தாளிகள் கை தட்டினார்கள். வேம்பையனும் சிரித்தான். சிரித்த வாய் அப்படியே நின்றது.

"நாகூரான், நண்டைச் சேர்த்தா படகுல எத்தனை உயிர்?"

"ஏழு அண்ணே."

"ஆறுக்கு மேல ஏறக் கூடாதே."

"முதல்ல நண்டு உயிர்தானான்னு பாக்கணும்" என்றான் கோடியப்பன். அதைப் பார்க்க அவனே ஆள்காட்டி விரலை நண்டின் கொடுக்குக்கு நேரே நீட்டினான். பிறகு, "உயிர்தான்! உயிர்தான்! ஐயோ, நல்ல உயிர் அண்ணே, இது விடாது!" என்று குதித்தான்.

"கொன்னுட்டா?" என்றான் நாகூரான்.

"செத்த நண்டைச் செங்கமலம் அடுப்புல ஏத்த மாட்டாளே" என்றான் வேம்பையன்.

மூவரும் தரையில், அதாவது படகின் பலகையில், சம்மணம் போட்டு ஆலோசித்தார்கள். நண்டை விட்டால் சாப்பாடு இல்லை. விருந்தாளியை இறக்கினால் மரியாதை இல்லை. கடைசியில் நாகூரான் எழுந்தான். "நான் இறங்குறேன் அண்ணே. தொழிலுக்காக" என்றான். இறங்குவதற்கு முன் தன் ஜாக்கெட்டைக் கழற்றி நண்டுக்கு மாட்டி, வார் மூன்றையும் இறுக்கிக் கட்டிவிட்டு வேர்மேட்டில் ஏறி நின்றான். தன் விதியை அவன் ஒருபோதும் மறந்தவன் இல்லை.

ராமபத்திரன் விழுந்து விழுந்து சிரித்தார்.

இரண்டாவது வலையில் இன்னொரு நண்டு. கோடியப்பன் தன் ஜாக்கெட்டை அதற்கு மாட்டிவிட்டு இறங்கினான். இறங்கும்போதே, "இது வேர். இது வழுக்குற வேர்" என்று விளக்கிவிட்டு வழுக்கி விழுந்து எழுந்து நின்றான்.

மூன்றாவது வலையைத் தூக்கிய வேம்பையனுக்கு வியர்த்துவிட்டது. அதில் மூன்று நண்டுகள்.

அவனும் இறங்கிவிட்டால் படகு தள்ள ஆள் இல்லை. நண்டுகள் ஐந்து, அவன் ஒருவன், ஆறு. விருந்தாளிகள் மூன்று. ஒன்பது உயிர் ஏறவே ஏறாது. மஞ்சள் பை அவன் கண்ணுக்கு முன்னால் ஆடியது. தலையைச் சொறிந்துகொண்டு, "ஐயா, அம்மா, தம்பி, கொஞ்சம் இறங்கி இந்த மேட்டுல இருக்கீங்களா?" என்று பணிவாகக் கேட்டான்.

"காலை நீட்டணும்னு நானே கேக்க நினைச்சேன்" என்றார் சுலோசனா. கிறிஸ்டோபர் அதற்குள் குதித்தே விட்டான். மேட்டுக்கு மேலே ஒரு பறவைக் கூடு இருந்தது. ஜாக்கெட் புழுங்குகிறது என்று மூவரும் தாங்களாகவே கழற்றிக் கொடுத்தார்கள். வேம்பையன் மூன்று நண்டுகளுக்கும் அவற்றை மாட்டிக் கட்டினான். மூங்கிலை ஊன்றினான். படகு நகர்ந்தது.

"எங்கேங்க போறான்?" என்று கேட்டார் சுலோசனா.

"படகைத் திருப்புறான்" என்றார் ராமபத்திரன்.

வேம்பையன் வழியெல்லாம் எண்ணிக்கொண்டே போனான். ஆறு போனோம், ஆறு திரும்புகிறோம். ஆறும் உயிரோடு இருக்கிறது. ஆறுக்கும் ஜாக்கெட் இருக்கிறது. மூச்சோடு நண்டும் இருக்கிறது. பெரியவர்கள் சொன்னதில் ஒரு சொல் தவறவில்லை. வாழ்க்கையில் முதல் தடவையாக ஒரு வேலையை முழுசாகச் செய்துவிட்டோம் என்ற பூரிப்பில் அவனுக்குப் பாட்டுக்கூட வந்தது. நண்டுகளுக்கு அது பிடிக்கவில்லை.

படகுத்துறையில் ரேஞ்சர் கண்ணுக்கு மேல் கையை வைத்துப் பார்த்தார். கால்வாய் முனையில் ஆறு ஆரஞ்சு ஜாக்கெட்டுகள் வரிசையாகத் தெரிந்தன. கைக்கடிகாரத்தைப் பார்த்தார். மணி பன்னிரண்டே முக்கால்.

"பரவாயில்லையே! உன் புருஷனைப் பத்தி ஊரே தப்பாப் பேசுதேம்மா" என்று செங்கமலத்திடம் சொல்லிவிட்டுப் பேனாவின் மூடியைத் திறந்தார்.

படகு கிட்டே வந்தது. இன்னும் கிட்டே வந்தது. ரேஞ்சர் பேனாவை மூடினார்.

"விருந்தாளிங்க எங்கய்யா?"

"எண்ணிப் பாருங்க ஐயா" என்றான் வேம்பையன், நெஞ்சை நிமிர்த்தி.

முப்பது வருஷப் பழக்கம். ரேஞ்சர் தன்னையறியாமல் எண்ணிவிட்டார். "ஒண்ணு, ரெண்டு, மூணு…" ஐந்தாவது ஜாக்கெட்டின் கழுத்து ஓட்டையிலிருந்து ஒரு கண் நீண்டு அவரைப் பார்த்தது. "ஆறு" என்று முடித்த பிறகுதான் அவர் அலறினார்.

செங்கமலம் கரண்டியோடு வந்தவள் மணலில் அப்படியே உட்கார்ந்துவிட்டாள். அவள் நண்டையும் பார்க்கவில்லை, அவனையும் பார்க்கவில்லை. பஸ் வரும் சாலையைப் பார்த்தாள். வேம்பையனுக்கு உயிரே போனது போல் ஆயிற்று. தான் என்ன தப்புச் செய்தோம் என்று மட்டும் அவனுக்குப் புரியவில்லை.

"ஜாக்கெட்டைக் கழட்டிட்டு நண்டையெல்லாம் இறக்கு! நான் வர்றேன். தள்ளு!" என்று ரேஞ்சர் படகுக்குள் குதித்தார்.

"ஐயா, நான் ஏன் அப்படிப் பண்ணேன்னா…"

"வாயை மூடு!"

வேம்பையன் மூடினான். கால்வாய் இரண்டாகப் பிரியும் இடத்தில், "எந்தப் பக்கம்?" என்று கேட்டார் ரேஞ்சர். பதில் இல்லை. "இடதா, வலதா?" பதில் இல்லை. காட்டுக்குள் ஒரு முழுச் சுற்றுச் சுற்றி அதே இடத்துக்கு வந்த பிறகு, "யப்பா, தெய்வமே, வாயைத் திற!" என்று ரேஞ்சர் கெஞ்சினார்.

"வலது பக்கம் ஐயா" என்றான் வேம்பையன் உடனே.

அதற்குள் கடல் ஏறியிருந்தது. வேர்மேடு பாதி முழுகி, ஐந்து பேரும் ஆளுக்கொரு கிளையைப் பிடித்துத் தொங்கிக்கொண்டிருந்தார்கள். கிறிஸ்டோபர் மட்டும் கூட்டைப் படம் பிடித்துக்கொண்டு பரம சந்தோஷமாக இருந்தான். கோடியப்பன் கடமையைச் செய்துகொண்டிருந்தான். "இது தண்ணி. முன்னாடி கணுக்கால் தண்ணியா இருந்துச்சு, இப்ப முழங்கால் தண்ணி."

"இவன் வாயை அடைச்சா நான் வீட்டுக்கு நடந்தேகூடப் போயிடுவேன்" என்றார் சுலோசனா.

ரேஞ்சருக்கு மனசு கேட்கவில்லை. தானே வேரில் ஏறி, சுலோசனாவைக் கையைப் பிடித்துப் படகில் இறக்கினார். ராமபத்திரனை இறக்கினார். கிறிஸ்டோபரை இழுத்து இறக்கினார். நாகூரானையும் கோடியப்பனையும் பிடித்துத் தள்ளினார். பிறகு தானும் ஏறக் காலைத் தூக்கினார்.

நாகூரான் மூங்கிலால் வேரில் ஓர் ஊன்று ஊன்றினான். படகு நான்கு முழம் விலகி நின்றது.

"மன்னிக்கணும் ஐயா. ஆறு ஆயிடுச்சு" என்றான் வேம்பையன்.

"டேய், நான் ரேஞ்சர்டா!"

"அதனாலதான் ஐயா. விதி போட்டவரே மீறலாமா?"

"ஐயா அரசாங்கம் அண்ணே" என்று தாழ்ந்த குரலில் சந்தேகம் கிளப்பினான் கோடியப்பன். "அரசாங்கத்துக்கு உயிர் உண்டா?"

மூவரும் யோசித்தார்கள். நாகூரான் கோடியப்பனின் விரலைப் பிடித்து ரேஞ்சரின் வாய்க்கு நேரே நீட்டிப் பார்க்கலாம் என்றான். ஏற்கெனவே கட்டுப் போட்ட விரல் என்று கோடியப்பன் மறுத்துவிட்டான்.

ரேஞ்சர் கெட்டிக்காரர். இவர்களோடு மல்லுக்கு நிற்பதில் பயன் இல்லை, காகிதத்தில்தான் வழி இருக்கிறது என்று கண்டுகொண்டார். சட்டைப் பையிலிருந்து அனுமதிச் சீட்டை எடுத்தார். 'ஆறு' என்று இருந்ததை அடித்து 'ஏழு' என்று எழுதினார். கையெழுத்தும் போட்டார். தோளில் தொங்கிய பையிலிருந்து ரப்பர் முத்திரையை எடுத்து, வாயால் ஊதி, குத்தியும் விட்டார்.

"இந்தா, பிடி. ஏழு உயிர். அனுமதி கொடுத்தாச்சு. இப்ப ஏறலாமா?"

மூங்கில் முனையில் செருகி வந்த சீட்டை வேம்பையன் இரண்டு கையாலும் வாங்கினான். கண்ணில் ஒற்றிக்கொண்டான். அவனுக்கு எழுத்து அவ்வளவாக வராது. முறைப்படி படித்துச் சொல்லட்டும் என்று ராமபத்திரனிடம் கொடுத்தான்.

அங்கேதான் எல்லாம் கெட்டது. முப்பது வருஷம் பத்திரங்களைப் படித்த மனிதர் அவர். கண்ணாடியை மாட்டிக்கொண்டு முன்பக்கம் பார்த்தார், பின்பக்கம் பார்த்தார், முத்திரையை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார்.

"எல்லாம் சரியா இருக்கு. ஆனா 'நாளை முதல் செல்லும்'னு டைப் அடிச்சிருக்கே. இன்னைக்கு இது செல்லாது" என்றார்.

"சார், நீங்களுமா?" என்று கத்தினார் ரேஞ்சர்.

"பத்திரத்துல என்ன இருக்கோ அதுதான் சார். ஒரு அரை மணி நேரம் பொறுங்க. எங்களை இறக்கிட்டு வந்து உங்களைக் கூட்டிட்டுப் போவாங்க."

"எனக்குப் பசிக்குது, கிளம்புங்க" என்றார் சுலோசனா.

அதற்கு மேல் பேச்சு இல்லை. படகு கிளம்பியது. திருப்பத்தில் மறையும் வரைக்கும் கோடியப்பன் பின்பக்கம் பார்த்து, "அது மரம். மரத்து மேல இருக்கறது ரேஞ்சர்" என்று விளக்கிக்கொண்டே வந்தான்.

கரைக்கு வந்தால் சாப்பாட்டு வாசனை தூக்கியடித்தது. செங்கமலம் புருஷனை நம்பி நண்டுக்குக் காத்திருக்கிறவள் இல்லை. காலையிலேயே பக்கத்து வீட்டுப் படகில் துள்ளத் துள்ள இறால் வாங்கி வைத்திருந்தாள். இறால் தொக்கும் முருங்கைக்காய் போட்ட இறால் குழம்பும் சுடச்சுடச் சோறும் இலையில் விழுந்தன. விருந்தாளிகள் பேச்சு மூச்சு இல்லாமல் சாப்பிட்டார்கள். மூன்றாம் தடவை சோறு வாங்கிக்கொண்ட சுலோசனா, "செருப்பு போனா போகுது. நாங்க அடுத்த மாசம் என் தங்கச்சி குடும்பத்தையும் கூட்டிட்டு வர்றோம்" என்று சொன்னார்.

வேம்பையன் செங்கமலத்தின் கையில் சீட்டைக் கொடுத்தான். அவள் நம்பவில்லை. கையெழுத்தைப் பார்த்தாள், முத்திரையைத் தொட்டுப் பார்த்தாள், ஏழு என்று எழுதியிருந்ததை எழுத்துக்கூட்டிப் படித்தாள். பிறகு சிரித்தாள். கலியாணத்தன்று மாலையை அவன் மாமனார் கழுத்தில் போட்டபோது சிரித்தாளே, அந்தச் சிரிப்பு. வீட்டுக்குள் போய் மஞ்சள் பையை எடுத்து வந்து கொடியில் உதறிப் போட்டாள்.

வேம்பையனுக்குக் கண் நிறைந்துவிட்டது. "செங்கமலம், நீ போயிருந்தேன்னா நானும் அதே பஸ்ல வந்திருப்பேன்" என்றான். பதினாலு வருஷத்தில் அவன் சொன்ன ஒரே காதல் வசனம் இதுதான்.

அவள் முகம் சிவந்தது. அதை மறைக்க வேறு பேச்சு எடுத்தாள். "ஆமா, கையெழுத்துப் போட்ட மகராசன் எங்க? இலை போட்டுக் காத்திருக்கேன்."

"மரத்து மேல இருக்காரு."

செங்கமலம் கையிலிருந்த கரண்டியைக் கீழே வைத்தாள். ஒரே மூச்சில் சொன்னாள்: "இப்பவே போங்க. நீங்க மட்டும் தனியாப் போங்க. அவனுங்க ரெண்டு பேரையும் ஏத்தாதீங்க, வேற ஒரு மனுஷனையும் ஏத்தாதீங்க. நமக்கு வாழ்வு கொடுத்தவரு, வெறுங்கையோட போகாதீங்க. சாப்பிட ஏதாவது நல்லதா எடுத்துட்டுப் போங்க."

வேம்பையன் அவள் சொல்லைத் தட்டுவானா? நாகூரானையும் கோடியப்பனையும் கண்டிப்பாகக் கரையிலேயே நிறுத்தினான். வேறு ஒரு மனுஷனும் ஏறவில்லை. நல்லதாக எடுத்துப் போக அடுப்படியில் தேடினான். இறால் சட்டியைக் கிறிஸ்டோபர் வழித்து நக்கியிருந்தான். ஆனால் மூலையில் பானை ஒன்று இருந்தது. உள்ளே ஐந்தும் அப்படியே துறுதுறுவென்று, மூச்சோடு.

வெயில் தணிந்து கால்வாய் குளுகுளுவென்றிருந்தது. வேம்பையன் பாடிக்கொண்டே மூங்கிலை ஊன்றினான். உலகத்தில் அவனை விடச் சந்தோஷமான மனிதன் அன்றைக்கு இல்லை. வலது பக்கம் திரும்பியதும் தூரத்தில் மரம் தெரிந்தது. கிளையில் ரேஞ்சர் தெரிந்தார். படகைக் கண்டதும் அவர் எழுந்து நின்று, தொப்பியைக் கழற்றி, இரண்டு கையையும் தலைக்கு மேல் தூக்கி ஆட்டினார். வேம்பையனும் சந்தோஷமாகக் கையை ஆட்டினான்.

படகு இன்னும் கொஞ்சம் நெருங்கியது. ரேஞ்சர் ஏனோ பாதியில் கையை நிறுத்திவிட்டார். உதடு மட்டும் அசைந்தது. எண்ணுகிறார் போலிருக்கிறது.

"சரியா ஆறு ஐயா!" என்று வேம்பையன் ஜாக்கெட்டுகளைக் காட்டிக் கூவினான். "செங்கமலம் உங்களுக்காகக் கொடுத்து அனுப்புனது. இந்தாங்க, கையை நீட்டி வாங்கிக்கங்க. பாத்து ஐயா, படகுல காலை மட்டும் வெச்சுடாதீங்க!"